தவணை நீட்டித்துத் தந்தமைக்கு நன்றி

செருப்பைக் கழட்ட வேண்டாம் தம்பி, அப்படியே உள்ள வாங்க. வெளியில விட்டா எதிர்வீட்டு நாய் தூக்கிட்டுப் போயிடும். போன வாரம் வீடு பாக்க வந்த ஒருத்தர் ஒத்தைச் செருப்போடதான் கீழ எறங்கிப் போனாரு. அதுக்கப்புறம் போன் அடிச்சா எடுக்கவே இல்ல. செருப்பு போன கோவம்னு நான் நெனச்சேன். கஸ்தூரி சொல்றா, செருப்பு இல்லீங்க, நீங்க பேசின பேச்சுதான்னு. கஸ்தூரி என் சம்சாரம். அடுப்படியில இருக்கா, அந்தா, தலை தெரியுது பாருங்க.

உக்காருங்க. ஜெரால்டுன்னுதானே போன்ல சொன்னீங்க? நான் சிங்காரவேலு. என்.எஸ்.பி. ரோட்டுல ஜவுளிக்கடை, பட்டு செக்‌ஷன். முப்பத்திநாலு வருஷமா நிக்கிறேன். நிக்கிறேன்னா நெசமாவே நிக்கிறேன், உக்கார விடமாட்டாங்க. அதனால வீட்டுலயும் எனக்கு உக்கார வராது. நீங்க உக்காருங்க, நான் இப்படி நடந்துக்கிட்டே பேசுறேன், தப்பா எடுத்துக்காதீங்க. இந்த மாசம் முப்பதாம் தேதியோட எனக்கு வேலை முடியுது. ஒரு மாலை, ஒரு சால்வை. அந்தச் சால்வையும் எங்க கடையிலேருந்தேதான் எடுப்பாங்க. எந்த ரகம்னுகூட எனக்குத் தெரியும்.

இதுதான் ஹால். மொத்தம் அறுநூத்தம்பது சதுர அடி. பெட்ரூம் ரெண்டு. மூணாவது மாடி, லிஃப்ட் கெடையாது, அதை மொதல்லயே சொல்லிடறேன். காவேரித் தண்ணி ஒருநாள் விட்டு ஒருநாள் வரும். போர்த் தண்ணி எப்பவும் இருக்கும். இருங்க, இந்தக் குழாயைத் தொறந்து காட்டறேன். பாத்தீங்களா வேகத்தை? இந்தச் செவுத்துல கையை வச்சுப் பாருங்க. ஈரம் இருக்கா? இருக்காது. இந்த ஜன்னல்லேருந்து முன்னாடி மலைக்கோட்டை தெரியும். இப்பத் தெரியாது, நடுவுல ஒருத்தன் கட்டிட்டான்.

விலைக்கு வருவோம். புடவைன்னா தம்பி, நான் விலையை வாயிலயே எடுக்கமாட்டேன். பத்துப் புடவையை விரிச்சுப் போட்டு, முந்தியை எடுத்து அந்தம்மா தோள்ல வச்சு, கண்ணாடியைப் பாக்க வச்சு, அந்தம்மாவே கேட்டப்புறம்தான் விலை. வீட்டுக்கு அப்படிச் செய்யக்கூடாது. உள்ளதை உள்ளபடி சொல்லிடணும். முப்பது லட்சம்.

ஏன் தம்பி புருவத்தைத் தூக்கறீங்க? ரெண்டாவது மாடியில இதே அளவு ஃபிளாட்டு போன மாசம் இருபத்திநாலுக்குப் போச்சு, அதானே? தெரியும். இதுவரைக்கும் வந்த பதினோரு பேரும் அதையேதான் சொன்னாங்க. அவரு குடுத்தாரு. அவருக்கு லோன் இல்ல, குடுத்துட்டுப் போயிட்டாரு. நான் வாயில வந்த விலையைச் சொல்லல. என்கிட்ட கணக்கு இருக்கு. அதை முழுசாக் கேளுங்க. கேட்டுட்டு அநியாயம்னு சொல்லுங்க, ஒத்துக்கறேன்.

அங்க கையை ஆட்டறா பாருங்க. காப்பி போடவான்னு கேக்கறா. போடு கஸ்தூரி, தம்பிக்குச் சக்கரை கம்மியாப் போடு.

நீங்களும் லோன் போட்டுத்தானே வாங்கப்போறீங்க? அப்பக் கேளுங்க, உங்களுக்கும் உதவும்.

இருபது வருஷம் முன்னாடி இந்த ஃபிளாட்டு பன்னெண்டரை லட்சம். ரெண்டரை லட்சம் கையிலேருந்து போட்டேன். கையிலேருந்துன்னா, பி.எஃப். பணம் மொத்தமும், கஸ்தூரியோட ரெட்டைவடச் சங்கிலியும். பத்து லட்சம் லோனு. ஒரு கம்பெனி, பேரு வேண்டாம், கண்டோன்மெண்ட்ல ஏசி ரூமு, போனா உக்கார வச்சு ஜூஸ் குடுப்பாங்க. எட்டு சதவீதம் வட்டி. மாசம் எட்டாயிரத்து முந்நூத்தி அறுபத்திநாலு. இருநூத்தி நாப்பது மாசம். எனக்குச் சம்பளம் அப்பப் பதினாலாயிரம், கஸ்தூரிக்குப் பள்ளிக்கூடத்துல நாலாயிரத்து ஐநூறு. கஷ்டம்தான். ஆனா ஒரு கணக்கு இருந்துச்சு. நாப்பது வயசுல ஆரம்பிக்கிறேன், அறுபதுல முடியுது. சம்பளம் நிக்கறதுக்கு முன்னாடி தவணை நின்னுடும். இதைவிட என்ன வேணும் சொல்லுங்க?

ரெண்டு வருஷம் போச்சு. ஊர்ல எல்லாருக்கும் வட்டி ஏறுச்சு. எங்க கடை கேஷியருக்கு மாசத்துக்கு ஆயிரம் ஏத்திட்டாங்க, அந்தாளு சாப்பாட்டு டப்பாவைத் தொறக்காமயே உக்காந்திருந்தாரு. எனக்கு ஒரு லெட்டரு வந்துச்சு. அச்சடிச்ச லெட்டரு, நல்ல தமிழ்ல. இன்னிக்கும் மனப்பாடமாச் சொல்லுவேன். ‘வட்டி விகித மாற்றத்தை முன்னிட்டு, தங்கள் கடனுக்கான தவணை நீட்டிக்கப்பட்டுள்ளது. மாதாந்திரத் தொகையில் மாற்றமில்லை.’

இப்ப நீங்க சொல்லுங்க. தவணை நீட்டிக்கப்பட்டுள்ளதுன்னா என்ன அர்த்தம்?

ஆங், நீங்க இந்தக் காலத்துப் பிள்ளை, டக்குனு சொல்லிட்டீங்க. எனக்கு அப்படித் தோணல. எங்க தொழில்ல தவணைன்னா வேற. ஆரணியிலேருந்து, காஞ்சிபுரத்துலேருந்து சரக்கு வரும். பணம் ஒடனே குடுக்கமாட்டோம், முப்பது நாள் தவணை குடுங்கம்போம். நாணயமான கடைன்னா நாப்பத்தஞ்சு நாள் குடுப்பாங்க, அறுபது நாள் குடுப்பாங்க. தவணையை நீட்டிக் குடுக்கறாங்கன்னா நம்ம மேல ஒரு மரியாதை இருக்குன்னு அர்த்தம். நான் என்ன நெனச்சேன்? மாசம் அஞ்சாம் தேதி கட்டணும், இனிமே ஒரு பத்துப் பதினஞ்சு நாள் முன்ன பின்ன ஆனாலும் பரவாயில்லன்னு நமக்குத் தவணை குடுத்திருக்காங்க. ரெண்டு வருஷமா ஒரு மாசம்கூட விடாமக் கட்டினவன் இல்லையா? ஆள் பாத்துக் குடுத்திருக்காங்கன்னு நெனச்சேன்.

கஸ்தூரி சொன்னா. பொய் சொல்லக்கூடாது, சொன்னா. அவ தமிழ் டீச்சர். தவணைன்னா காலங்க, கட்டற காலத்தை நீட்டிட்டாங்களோன்னு போய்க் கேட்டுட்டு வாங்கன்னா. நான்தான், நீ பள்ளிக்கூடத் தமிழைச் சொல்லாத, இது வியாபாரத் தமிழுன்னேன். அவளுக்கு வெளி உலகம் தெரியாது பாருங்க. இப்பக்கூட அங்கேருந்து என்னமோ ஜாடை காட்டிக்கிட்டே இருக்கா. பால் பொங்குதோ என்னமோ.

அன்னிக்கு அரைக் கிலோ மைசூர்பாகு வாங்கிட்டுப் போயி செக்‌ஷன்ல எல்லாருக்கும் குடுத்தேன். எனக்கு ஒரு ரூபா ஏத்தல பாத்தீங்களான்னேன். அந்தக் கேஷியருக்கு ரெண்டு துண்டு குடுத்தேன். அதோட விட்டிருக்கலாம். வீட்டுக்கு வந்து உக்காந்து, வெள்ளைத்தாள் எடுத்து, கம்பெனிக்கு ஒரு லெட்டர் எழுதினேன். ‘மதிப்பிற்குரிய ஐயா, தவணை நீட்டித்துத் தந்தமைக்கு நன்றி. என்றென்றும் தங்கள் நம்பிக்கைக்குப் பாத்திரமாக நடந்துகொள்வேன்.’ கீழ கையெழுத்து, தேதி எல்லாம் போட்டு, ரிஜிஸ்டர் போஸ்ட்டுல அனுப்பினேன். இருபத்தெட்டு ரூபா ஆச்சு.

சிரிக்கிறீங்களா? சிரிங்க. பரவாயில்ல.

எனக்கு ஒரு சகலை, பாலகுரு. தாலுகா ஆபீஸ்ல கிளார்க்கு. அதே கம்பெனி, அதே மாசம், அதே பத்து லட்சம், நாங்க ரெண்டு பேரும் ஒரே நாள்ல போயி வாங்கினது. அவனுக்கும் அதே லெட்டருதான். அவன் அரை நாள் லீவு போட்டுட்டுப் போயி உக்காந்து, என்ன ஏதுன்னு கேட்டு, மாசத்துக்கு ஆயிரத்து இருநூறு ரூபா அதிகமாக் கட்டறேன்னு எழுதிக் குடுத்துட்டு வந்துட்டான். எழுதிக் குடுத்துட்டு வந்தவன் அந்த ஆயிரத்து இருநூறுக்காக ஞாயித்துக்கிழமை கறி எடுக்கறதை நிறுத்தினான். வண்டியை வித்துட்டு டவுன் பஸ்ல போனான். ஒரு கல்யாண வீட்டுல எல்லார் முன்னாடியும் நான் கேட்டேன், ஏம்ப்பா, கம்பெனிக்காரனே வேணாங்கறான், நீ எதுக்கு வலியப் போயிக் குடுத்துட்டு வர்றேன்னு. எல்லாரும் சிரிச்சாங்க. அவனும் சிரிச்சான். கஞ்சன் தம்பி அவன். இன்னிக்கும் கஞ்சன்தான். லோன் முடிஞ்சு பத்திரம் வாங்கிட்டான், அதுக்கு ஒரு சாக்லேட்டாவது குடுத்தானா?

காப்பி எடுத்துக்குங்க. தம்ளர் சுடும், வேட்டியில ஊத்திக்காதீங்க. அட, பேண்ட்டுதான் போட்டிருக்கீங்க.

கஸ்தூரி, நீ ஏன் இங்கயே நிக்கிற? விலையெல்லாம் சொல்லியாச்சு. நீ போ, நான் பேசிக்கிறேன்.

எங்க விட்டேன்? ஆங், வருஷம் ஓடுச்சு. வருஷா வருஷம் பங்குனி சித்திரையில ஒரு கணக்குத்தாள் வரும். நான் என்ன பாப்பேன்? மாசத் தொகை மாறியிருக்கான்னு பாப்பேன். மாறலையா, மடிச்சு பீரோவுல வச்சுடுவேன். கஸ்தூரி மட்டும் அதுலேருந்து ஒரு தொகையை நோட்டுல எழுதி வச்சுக்கிட்டே வந்திருக்கா. அசல்ல எவ்வளவு பாக்கின்னு. ஒரு தடவை, ஏங்க, ஒரு வருஷம் பூராக் கட்டினோமே, அசல்ல அஞ்சாயிரம்தானே கொறஞ்சிருக்குன்னா. மொதல்ல அப்படித்தான் இருக்கும், போகப் போக வேகமாக் கொறையும்னு சொன்னேன். எனக்கு எப்படித் தெரியும்? தெரியாது. சும்மா சொன்னேன். வீட்டுல ஒருத்தர் தைரியமாப் பேசணுமில்ல?

மூணு மாசம் முன்னாடி இருநூத்தி நாப்பதாவது தவணை. தம்பி, அன்னிக்கு நாங்க ரெண்டு பேரும் கெளம்பின கெளப்பத்தை நீங்க பாத்திருக்கணும். நான் புதுச் சட்டை. கஸ்தூரி, கடையிலேருந்து நான் கழிவு வெலையில எடுத்துக் குடுத்தேனே ஒரு மாம்பழக் கலர் பட்டு, அது. பத்திரத்தை வாங்கி வைக்கறதுக்கு ஒரு புது மஞ்சப்பை, அதுல ஒரு முழம் மல்லிப்பூ, குங்குமம். வாங்கின கையோட சமயபுரத்துக்குப் போயி அம்மன் பாதத்துல வச்சு எடுத்துட்டு வர்றதா ஏற்பாடு. ஆட்டோவுக்குப் பேசியாச்சு, வெயிட்டிங்கோட.

அங்க கண்ணாடி போட்ட ஒரு அம்மா. மரியாதையான அம்மா, குத்தம் சொல்லக்கூடாது. கம்ப்யூட்டரைப் பாத்துட்டு, உங்களுக்கு இன்னும் நூத்தி அம்பத்தோரு மாசம் இருக்கு சார்னாங்க. நான் சிரிச்சேன். வேற யாரோட கணக்கையோ பாக்கறீங்கம்மா, சிங்காரவேலு, காட்டூர்னு போட்டுப் பாருங்கன்னேன். சிங்காரவேலு, காட்டூர்தான் சார்னாங்க.

நூத்தி அம்பத்தோரு மாசம். பன்னெண்டரை வருஷம். எனக்கு எழுபத்திரெண்டு நடக்கும்.

வட்டி ரெண்டு பர்சண்ட் ஏறுனப்ப, மாசத் தொகையை ஏத்தாம காலத்தை நீட்டிட்டாங்க. இருபது வருஷ லோனு முப்பத்திரெண்டரை வருஷ லோனா ஆயிடுச்சு. அன்னிக்கே ஆயிடுச்சு, நான் மைசூர்பாகு குடுத்த அன்னிக்கே. நான் கட்டினது அத்தனையும் வட்டிக்குப் போயிருக்கு, அசலை நுனியிலதான் தொட்டிருக்கு. வாங்கினது பத்து லட்சம் தம்பி. கட்டினது இருபது லட்சத்து ஏழாயிரம். இன்னும் பாக்கி அசல் ஏழு லட்சத்துப் பதினேழாயிரம். இதையும் மாசாமாசமே கட்டி முடிச்சேன்னா எல்லாம் சேத்து முப்பத்திரெண்டே முக்கால் லட்சம். பத்து லட்சத்துக்கு!

எனக்கு வந்துச்சு பாருங்க கோவம். என்னைக் கேக்காம எப்படி நீட்டினீங்கன்னு கத்தினேன். ஏசி ரூம்ல ஜூஸ் குடிச்சுக்கிட்டிருந்தவங்கள்லாம் திரும்பிப் பாத்தாங்க. அந்தம்மா எந்திரிச்சுப் போயி ஒரு ஃபைலைக் கொண்டாந்தாங்க. தொறந்து ஒரு தாளை என் பக்கமாத் திருப்பி வச்சாங்க. ‘தவணை நீட்டித்துத் தந்தமைக்கு நன்றி.’ மேல சீல் குத்தி, ‘வாடிக்கையாளர் சம்மதம்’னு எழுதியிருக்கு. இது உங்க கையெழுத்துதானே சார்னாங்க.

கையெழுத்து அழகா இருந்துச்சு தம்பி. அப்பல்லாம் எனக்குக் கை நடுங்காது.

ஆட்டோக்காரன் வெயிட்டிங் காசு வாங்கிட்டுப் போயிட்டான். கஸ்தூரி அந்தப் பூவைத் தலையில வைக்கவும் இல்ல, போடவும் இல்ல, பையிலயே வச்சுக்கிட்டு பஸ்ல வந்தா. ஒரு வார்த்தை என்னைச் சொல்லல. சொல்லியிருந்தா நானும் ரெண்டு வார்த்தை சொல்லியிருப்பேன், சண்டை போட்டு முடிஞ்சிருக்கும். இப்ப மூணு மாசமா சண்டையே போடாம இருக்கோம். அதுதான் தாங்கல.

அவசரம் என்னன்னா, அதைச் சொல்லாம விட்டுட்டேன் பாருங்க. எனக்குச் சம்பளம் நின்னுடுது. சம்பளம் இல்லாத ஆளுக்கு லோனு ஓடக்கூடாதாம். ஒண்ணு, இந்த மாசத்துக்குள்ள பாக்கியைக் கட்டித் தீக்கணும், இல்ல வீட்டை விக்கறேன்னு அட்வான்ஸ் சீட்டையாவது காட்டணும். ரெண்டும் இல்லன்னா சம்பாதிக்கிற பிள்ளையைச் சேத்துக் கையெழுத்துப் போடணும். ஒரே பொண்ணு, இலக்கியா. இருபத்திநாலு வயசு. ஓசூர்ல ஒரு கம்பெனியில அக்கவுண்ட்ஸ்ல இருக்கா, இருபத்திரெண்டாயிரம் சம்பளம். அவகிட்டச் சொன்னோம். போடறேன்பா, அதுக்கென்ன, லீவு போட்டுட்டு முப்பதாம் தேதி வர்றேன்னா. அவ்வளவு நல்ல பொண்ணு. அவளுக்கு முப்பத்தாறு வயசு ஆகற வரைக்கும் கட்டணும். கல்யாணம் பண்ணிக் குடுக்கற எடத்துக்கு இந்த லோனையும் சீர் மாதிரி எடுத்துட்டுப் போவணும்.

கஸ்தூரி அன்னிக்குத்தான் வாயைத் தொறந்தா. அவ கையெழுத்துப் போட்டா நான் இந்த வீட்டுல ஒரு வேளை சோறு திங்கமாட்டேன், வித்துடுங்கன்னா. அதான் விக்கிறேன். இன்னிக்கு இருபத்திநாலு. இன்னும் ஆறு நாள்.

இப்பச் சொல்லுங்க. முன்பணம் ரெண்டரை. கட்டினது இருபது. கட்ட வேண்டியது ஏழே கால். கூட்டினா முப்பது லட்சம். நான் ஒரு ரூபா லாபம் வைக்கல தம்பி. கடையில நூத்துக்கு முப்பது வைப்போம். இதுல நான் போட்டதை மட்டும்தான் கேக்கறேன். இதுல என்ன அநியாயம்?

என்ன தம்பி எந்திரிச்சுட்டீங்க? காப்பி பாதி இருக்கு. வாங்கறவருக்கும் வட்டிக்கும் என்ன சம்பந்தமா? நல்லாயிருக்கே. அந்த வட்டியைப் பின்ன நான் யார்கிட்டப் போயி வாங்கறது? இல்ல இல்ல, கோவமாப் பேசல, என் குரலே அப்படித்தான். இருங்க. கஸ்தூரி, கதவுகிட்ட நிக்காத, வழி விடு. தம்பி, இருங்க, நானும் வர்றேன். படியில லைட்டு இல்ல.

பாத்து எறங்குங்க. ஒண்ணு சொல்றேன், நின்னு கேளுங்க. மொத ரெண்டு வருஷம் நான் கட்டின வட்டி நாயமான வட்டி. கடன் வாங்கினேன், வட்டி கட்டினேன், அது என் பாடு. அதை உங்க தலையில ஏத்தறது தப்புதான். அது ஒரு ஒண்ணரை லட்சம் வரும். கழிச்சுக்குங்க. இருபத்தெட்டரை. ஒடனே பதில் சொல்லணும்னு இல்ல, எறங்கிக்கிட்டே யோசிங்க.

இது ரெண்டாவது மாடி. இந்த வீடுதான் இருபத்திநாலுக்குப் போனது. உள்ள பாத்திருக்கீங்களா? டைல்ஸெல்லாம் விரிசல். நம்மளது ஒரு விரிசல் கெடையாது. தம்பி, தம்பி, ஒரு நிமிஷம். எனக்கு மூச்சு வாங்குது. அந்த லெட்டரு எழுதினேனே, அது என் தப்புதான். யாரும் எழுதச் சொல்லல. கஸ்தூரி போய்க் கேக்கச் சொன்னா, நான் போகல, அரை நாள் லீவு போட்டா சம்பளம் போகும்னு நெனச்சேன். பாலகுரு போட்டான் லீவு. அவன் கஞ்சன் இல்ல தம்பி, சும்மா சொல்றேன். அதுக்கு ரெண்டு லட்சம் கழிச்சுக்குங்க. இருபத்தாறரை. எங்க கடையில இப்படிப் படியெறங்கி வந்து நான் யாரையும் கூப்பிட்டதில்ல.

நில்லுங்க, இங்க ஒரு படி ஒசரம், எல்லாரும் தடுக்குவாங்க. நடுவுல ஒருகாலம் வட்டி நல்லா எறங்குச்சு. பேப்பர்ல வந்துச்சு, டீக்கடையில எல்லாரும் பேசினாங்க. பழைய ஆளுங்களுக்குத் தானா எறக்கமாட்டாங்களாம், போயி ஒரு தாள்ல எழுதிக் குடுத்து, கொஞ்சம் பணம் கட்டினா எறக்குவாங்களாம். கஸ்தூரி அதையும் பேப்பர்லேருந்து வெட்டி எடுத்து என் சட்டைப்பையில வச்சா. அந்தச் சட்டை வெளுக்கப் போச்சு. எனக்கு என்னமோ அங்க போயி நின்னு எனக்குத் தெரியாதுன்னு சொல்லக் கூச்சம் தம்பி. நாள் பூரா நாலு பேருக்குச் சொல்லிக் குடுக்கற ஆளு, எது நல்ல பட்டு, எது போலி ஜரிகைன்னு. நான் போயி எனக்குப் புரியல, சொல்லுங்கன்னு எப்படிக் கேக்கறது? அந்தக் கூச்சத்துக்கு ஒண்ணரை லட்சம். அதையும் கழிச்சுடுங்க. இருபத்தஞ்சு. ரவுண்டா இருபத்தஞ்சு. வேண்டாமா?

இதுதான் வண்டியா? அழகா வச்சிருக்கீங்க. சாவியைப் போடாதீங்க, ஒரே ஒரு நிமிஷம். கஸ்தூரியும் எறங்கி வந்துட்டா பாருங்க, முட்டி வலிக்காரி, படியிலயே உக்காந்துட்டா.

இருபத்திநாலுக்கும் இருபத்தஞ்சுக்கும் ஒரு லட்சம்தான் தம்பி வித்தியாசம். இது வட்டி இல்ல. வட்டியெல்லாம் கழிச்சாச்சு. எம் பொண்ணு பன்னெண்டாவது முடிச்சப்போ கோயமுத்தூர்ல ஒரு காலேஜ்ல அவளுக்கு சீட்டு கெடச்சுது. துணி டிசைன் படிப்பு. சின்னப் புள்ளையில கடைக்கு வந்தா பார்டரை எல்லாம் பாத்து நோட்டுல வரைவா. மொத வருஷம் ஃபீஸு, ஹாஸ்டலு எல்லாம் சேத்து ஒரு லட்சம் கேட்டாங்க. நான், தவணை இருக்கேம்மா, எப்படியும்மா கட்டறதுன்னேன். சரிப்பான்னா. அவ்வளவுதான் சொன்னா. மறுநாள் போயி இங்க பி.காம். சேந்துட்டா. அழுதிருந்தா கடன் வாங்கியாவது சேத்திருப்பேன். அழல. அந்த ஒரு லட்சத்தை எந்தக் கணக்குல எழுதறதுன்னு தெரியாம உங்க கணக்குல எழுதினேன். அதை நீங்க குடுக்க வேண்டாம். அது யாரும் குடுக்கற பணம் இல்ல.

இருபத்திநாலு.

நெசமாவா? நாளைக்கே அட்வான்ஸா? கஸ்தூரி, கேட்டியா, தம்பி சரிங்கறாரு. இலக்கியாவுக்குப் போன் பண்ணி வர வேண்டாம்னு சொல்லிடு. லீவு போட வேண்டாம்னு சொல்லு. அழாத, படியில உக்காந்துக்கிட்டு. தம்பி, நீங்க நல்லாயிருக்கணும். உங்க குடும்பம் நல்லாயிருக்கணும். மீதிப் பணத்துக்கு லோன் சாங்ஷன் ஆயிடுச்சுன்னுதானே போன்ல சொன்னீங்க? எத்தனை வருஷத்துக்கு?

முப்பதா?

முப்பது வருஷமா தம்பி? உங்களுக்கு இப்ப முப்பத்தொண்ணு இருக்குமா? ஓ, அப்பத்தான் மாசத் தொகை கம்மியா வருதுன்னு அங்க சொன்னாங்களா. மொத்தமா எவ்வளவு வருதுன்னு அவங்ககிட்ட ஒரு தாள்ல எழுதி...

இல்ல தம்பி, ஒண்ணுமில்ல. ஒண்ணும் சொல்ல வரல. கஸ்தூரி என்னையேதான் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கா. நல்லதுதான் தம்பி, மாசாமாசம் கையைக் கடிக்காது. காலையில பத்து மணிக்கெல்லாம் வந்துடுங்க, நான் கடைக்கு லீவு சொல்லிடறேன்.